பியோனிக்கு மண் அணைத்தேன்

ஏப்ரல் 23

ஹாமில்டன் வந்து சேர்ந்தாயிற்று. கனடாவில் ஏப்ரல் கடைசி என்றால் வசந்தம் என்று மகள் சிந்துஜா போனில் சொல்லியிருந்தாள். விமான நிலையத்தை விட்டு வெளியே வந்ததும் காது இரண்டும் மரத்துப்போயின. இது வசந்தம் என்றால் இவர்கள் குளிர் என்று எதைச் சொல்வார்களோ.

அவள் தனியாகத்தான் காரை ஓட்டிக்கொண்டு வந்தாள். மாப்பிள்ளை நவநீதன் கம்பெனி வேலையாகக் கால்கரி என்ற ஊருக்குப் போயிருக்கிறாராம். அதுவும் இதே நாடுதான், ஆனால் விமானத்தில்தான் போக வேண்டுமாம்.

"எப்ப வருவாரு கண்ணு?"

"வருவாருப்பா. மாசக் கடைசி ஆகும்."

எந்த மாசம் என்று நான் கேட்கவில்லை. களைப்பு.

நான் ஊர் சுற்றிப் பார்க்க வரவில்லை. மகன் பூபதிக்கு ஆவணியில் கல்யாணம். எங்கள் கொங்குப் பக்கத்தில் இணைச்சீர் என்று ஒன்று உண்டு. மாப்பிள்ளைக்குப் பக்கத்தில் கூடப்பிறந்த அக்காவோ தங்கையோ நின்று செய்கிற சீர். நிற்கிறவள் புருசனோடு வாழ்கிறவளாக இருக்க வேண்டும். பூபதிக்கு இருப்பது ஒரே அக்கா. என் வீட்டுக்காரி மரகதம் முட்டி வலியால் வர முடியவில்லை. வழியனுப்பும்போது ஒன்றே ஒன்றுதான் சொன்னாள்: "ரெண்டு பேர்த்தையும் நேர்ல வெச்சு அழைச்சுட்டு வாங்க. போன்ல கூப்புட்டா மருவாதியா இருக்காது." மாப்பிள்ளைக்குப் பட்டு வேட்டியும் துண்டும் பெட்டியில் பத்திரமாக வந்து சேர்ந்தன.

ஏப்ரல் 25

சும்மா இருப்பது என் உடம்புக்கு ஆகாது. சிந்துஜா காலையில் ஆபீஸ் போய்விடுகிறாள். போகும் முன் ஒரு பாட்டம் சொல்லிவிட்டுப் போகிறாள்: வீட்டைச் சூடாக்கும் பெட்டியைத் தொடாதீர்கள், கடுகு தாளித்தால் கூரையில் உள்ள புகை மணி கத்தும், யார் கதவைத் தட்டினாலும் திறக்காதீர்கள். அவளுக்கு ஐந்து வயதில் நான் சொன்னதெல்லாம் எனக்கே திரும்பி வருகிறது.

இன்று டீயை எடுத்துக்கொண்டு பின்பக்கம் போனேன். வேலி ஓரமாக ஒரு பாத்தி. அதில் மூன்று இடத்தில் மண்ணைப் பிளந்துகொண்டு சிவப்பாக முளை வருகிறது. கட்டைவிரல் கனம் இருக்கும். கிட்டே போய்ப் பார்த்தால் கிழங்கின் தலையே வெளியே தெரிகிறது. யார் நட்டது என்று தெரியவில்லை, இப்படியா மேலாக நடுவார்கள்? முப்பத்தைந்து வருசம் சிவகிரியில் உரக்கடை வைத்திருந்தவன் நான். மஞ்சள் கிழங்கு வெளியே தெரிந்தால் அந்த விவசாயியைக் கடைக்குள் விடமாட்டேன்.

சாயங்காலம் கேட்டேன். பியோனி என்று பெயராம். பூ குண்டான் அளவுக்கு விரியுமாம். அவளே நட்டதாம்.

"இந்த வருசந்தான் மொத தடவையா பூக்கும்ப்பா. நட்டா மூணாம் வருசந்தான் நல்லாப் பூ வரும்னு சொல்றாங்க."

"என்ன உரம் வெச்ச?"

"போன ஐப்பசில எலும்புத்தூள் கொஞ்சம் வெச்சேன். இனி ஒண்ணும் வேண்டாம். ஒண்ணும் பண்ணிராதீங்ப்பா."

எலும்புத்தூளாம். ஒரு கை எலும்புத்தூளில் குண்டான் பூ வருமா? சிரித்துக்கொண்டேன்.

ஏப்ரல் 28

ஜன்னல் வழியாகத் தெருவைப் பார்த்தேன். தெரு என்னைப் பார்த்தது. வேறு ஒன்றும் இல்லை.

மே 2

மரகதம் வீடியோவில் வந்தாள். முதல் கேள்வி மாப்பிள்ளை வந்துவிட்டாரா என்பதுதான். நான் எப்படி இருக்கிறேன் என்பது நாலாவது.

"வேலையாப் போயிருக்கறாருன்னு சொன்னனில்ல."

"ஏனுங்க, மாமனார் வந்திருக்கறாருன்னு ரெண்டு நாள் லீவு போட்டுட்டு வரக்கூடாதுங்களா? நீங்க ஒரு வார்த்த போன் பண்ணிப் பேசுங்க."

"பேசறேன், பேசறேன்."

பெண் வீட்டார் இணைச்சீருக்கு யார் நிற்கிறார்கள் என்று கேட்டுவிட்டார்களாம். சீர் செய்து வைக்கும் அருமைக்காரரும் கேட்டாராம். கேட்காமல் என்ன? இந்தச் சனத்துக்குச் சோறு இல்லாவிட்டாலும் கேள்வி வேண்டும்.

மதியம் வாசலுக்குப் பக்கத்து அலமாரியில் கையுறை தேடினேன். குளிர்க் கோட்டுகள் மாட்டுகிற இடம் அது. சிந்துஜாவின் கோட்டு இரண்டு, அவள் பூட்ஸ் ஒரு ஜோடி. மாப்பிள்ளையின் சாமான் ஒன்றும் கண்ணில் படவில்லை. கால்கரியில் இதைவிடக் குளிராம். எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டு போயிருப்பார். புத்திசாலிப் பையன்.

மே 5

காய்கறி வாங்கப் போனோம். கடைக்கு வெளியே மூட்டை மூட்டையாக அடுக்கியிருந்தார்கள். என்னவென்று பார்த்தால் மாட்டு எரு. சாணியைப் பிளாஸ்டிக் பையில் அடைத்துப் படம் போட்டு விற்கிறார்கள். சிவகிரியில் இதைச் சொன்னால் என்னைக் கோயிலுக்குக் கூட்டிப்போய் மந்திரிப்பார்கள்.

பக்கத்திலேயே புல்தரைக்குப் போடும் உரம். எந்த நாட்டு மூட்டையானாலும் மூன்று எண் போட்டிருப்பார்கள்: தழை, மணி, சாம்பல். பாஷை தெரியாவிட்டாலும் இது எனக்குத் தெரியும். முதல் எண் நல்ல கொழுப்பாக இருந்தது. தழைச்சத்து. பிடித்துவிட்டேன்.

"எதுக்குப்பா இதெல்லாம்?"

"புல்லு வெளுத்துக் கெடக்குது அம்மிணி. கொஞ்சம் தூவி உட்டா தேறிக்கும்."

"சரிப்பா."

அவளிடம் எனக்குச் சின்ன வயதிலிருந்தே பிடித்தது இதுதான். பூபதி ஒன்றுக்கு ஒன்பது கேள்வி கேட்பான். இவள் சரி என்றால் முடிந்தது. பதினொன்றாம் வகுப்பில் என்ன படிப்பது என்பதிலிருந்து யாரைக் கட்டுவது என்பது வரை சரிதான். நவநீதனுக்குத் தாய் தகப்பன் இல்லை, பெங்களூரில் ஓர் அண்ணன் மட்டும் என்றபோது மரகதம்தான் தயங்கினாள். மாமியார் தொல்லை இல்லாத இடம் என்று நான் சொன்னேன். இவள் சரி என்றாள்.

மே 6

அவள் ஆபீஸ் போனதும் வேட்டியை மடித்துக் கட்டினேன். உள்ளே பேன்ட், அதற்கு மேல் வேட்டி. பக்கத்து வீட்டு அம்மாள் ஜன்னலில் இருந்து பார்த்துக்கொண்டே இருந்தாள். பார்க்கட்டும்.

மூன்று தூருக்கும் எருவும் புல் உரமும் கலந்து தாராளமாக வைத்து, சுற்றியிருந்த மண்ணை இழுத்து முளையின் கழுத்துவரை அணைத்தேன். மஞ்சளுக்கு மேலுரம் வைத்து மண் அணைக்கிற அதே முறை. கரை கட்டியதுபோல் மூன்று குமி. எழுந்து பார்த்தபோது இடுப்பு வலித்தது, ஆனாலும் சந்தோசமாக இருந்தது. வந்ததிலிருந்து இன்றுதான் ஒரு வேலை செய்திருக்கிறேன்.

மத்தியானம் சோறு இரண்டு கரண்டி கூடுதலாக இறங்கியது.

மே 7

சனிக்கிழமை என்பதால் சிந்துஜா வீட்டில் இருந்தாள். காபிக் கோப்பையோடு பின்பக்கம் போனவள் அப்படியே நின்றுவிட்டாள்.

"என்னப்பா இது?"

"மண்ணு அணைச்சு உட்ருக்கறேன். கெழங்கு வெளிய தெரிஞ்சுது. காத்து குடிச்சா அழுகிரும்."

"இல்லப்பா, இது மேலதான் இருக்கணும். மண்ணு மூடுனா…"

நான் மஞ்சளில் ஆரம்பித்தேன். சேப்பங்கிழங்கு, கருணை, வாழை என்று ஒரு சுற்று சுற்றி வந்தேன். கிழங்கு எந்தத் தேசத்தில் இருந்தாலும் கிழங்குதான் என்றேன். அவள் கேட்டுக்கொண்டே இருந்தாள். ஒரு தடவை குனிந்து கையால் மண்ணைத் தள்ளப் போனாள். என் முகத்தைப் பார்த்தாள். நிமிர்ந்தாள்.

"சரிப்பா."

பார்த்தீர்களா, சொன்னால் கேட்டுக்கொள்வாள்.

மே 13

ஏழாம் தேதி ராத்திரி பிடித்த மழை விடவே இல்லை. நம் ஊர் மழை போல் அடித்து ஓயும் மழை அல்ல. அழுகிற குழந்தை போல் நசநச என்று பெய்கிறது. வீட்டுக்குள்ளேயே நடந்தேன். சமையல் அறை டப்பாக்களைத் துடைத்து, பருப்பு ஒரு வரிசை, பொடி ஒரு வரிசை என்று அடுக்கினேன். சாயங்காலம் அவள் சீரகம் எங்கே என்று தேடினாள்.

மழை நின்ற ஒரு சின்ன இடைவெளியில் பக்கத்து வீட்டு அம்மாள் பேச்சுக் கொடுத்தாள். ஷெரில் என்று பெயர். சிந்துஜாவின் அப்பாவா என்று கேட்டாள். உங்கள் மகள் கெட்டிக்காரி, மூன்று பனிக்காலமும் வாசல் பனியை ஒற்றை ஆளாக வாரிக் கொட்டினாள், எங்கள் வீட்டு வாசலையும் சேர்த்து, என்றாள். எனக்கு இங்கிலீஷ் சுமார்தான். ஆனாலும் இவ்வளவு புரியும்.

மாப்பிள்ளைக்கு முதுகு வலி இருக்கலாம். கம்ப்யூட்டர் வேலை செய்கிறவர்களுக்கு முதுகுதான் முதலில் போகும்.

சிந்துஜாவிடம் இதைக் கேட்கலாம் என்று நினைத்தேன். அவள் தோசை சுட்டுக்கொண்டிருந்தாள். தோசை சுடும்போது எதற்குத் தொந்தரவு செய்வது?

மே 19

மாசக் கடைசி வரை பொறுக்க முடியவில்லை. மரகதம் தினமும் குடைகிறாள். இன்று நானே மாப்பிள்ளைக்குப் போன் போட்டேன். இரண்டாவது மணியிலேயே எடுத்துவிட்டார்.

"மாமா, நல்லாருக்கறீங்களா? எப்ப வந்தீங்க?"

எப்ப வந்தீங்களாம்.

"கால்கரில குளுரெல்லாம் எப்படீங் மாப்ள?"

அந்தப் பக்கம் ஏதோ கதவு சாத்துகிற சத்தம் கேட்டது. அப்புறம் மெதுவாக, "மாமா, நான் இங்க ஹாமில்டன்லதான் இருக்கறனுங்க. சிந்து உங்ககிட்ட ஒண்ணும் சொல்லலீங்களா?" என்றார்.

நாளைக்கு நேரில் வருகிறேன், வீட்டுப் பக்கத்துக் காபிக் கடையில் பேசலாம் என்றார். வீட்டுக்கே வாங்க மாப்ள என்றேன். இல்லீங் மாமா, கடைக்கே வந்துருங்க என்றார்.

மே 20

எழுத உட்கார்ந்து, எழுந்து, மறுபடியும் உட்கார்ந்திருக்கிறேன்.

நவநீதன் இளைத்திருக்கிறார். என்னைக் கண்டதும் எழுந்து நின்றார். காபி வாங்கி வந்து வைத்தார், சர்க்கரை இல்லாமல். எனக்குச் சர்க்கரை இருப்பது ஞாபகம் வைத்திருக்கிறார். இப்படி ஒரு பையனைத் திட்டுவதற்கு வாய் வரவில்லை.

இரண்டு பேரும் தனித்தனியாக இருக்கிறார்களாம்.

"எவ்வளவு நாளாங் மாப்ள?"

"கொஞ்ச நாளாச்சுங் மாமா. அதெல்லாம் சிந்துவே சொல்லட்டுங்க."

"சண்டையா? அடி கிடி…"

"அய்யோ, இல்லீங். அப்படியெல்லாம் ஒண்ணும் இல்லீங். ஒத்து வரலீங் மாமா. ரெண்டு பேர்த்து மேலயும் தப்பில்ல."

தப்பே இல்லாமல் எப்படிப் பிரிவார்கள்? ஒரு பயிர் வாடினால் பூச்சியோ, நோயோ, தண்ணீரோ ஏதோ ஒன்று காரணம் இருக்கும். காரணம் தெரிந்தால் மருந்து கொடுக்கலாம். நான் விதவிதமாகக் கேட்டுப் பார்த்தேன். அவர் காபிக் கோப்பையைத் திருப்பித் திருப்பி வைத்துக்கொண்டே இருந்தார்.

கடைசியில் இணைச்சீர் விஷயத்தைச் சொன்னேன். பூபதி கல்யாணம், சனம், அருமைக்காரர், மரகதத்தின் முட்டி எல்லாவற்றையும் சொன்னேன். என் குரல் எனக்கே பிடிக்கவில்லை, ஆனாலும் சொன்னேன். அவர் கோப்பையை ஓரமாகத் தள்ளி வைத்தார்.

"வேணும்னா கல்யாணத்துக்கு நான் வந்து நிக்கறேன் மாமா. ஒரு வாரந்தான? தீபாவளி நோம்பிக்கெல்லாம் வீடியோல வந்து நின்ன மாதிரிதான். சிந்து சரின்னு சொன்னா எனக்கு ஒண்ணும் இல்லீங்."

எனக்கு உயிர் வந்தது. பெட்டியில் இருந்த வேட்டியும் துண்டும் பையில் தயாராக இருந்தன. இரண்டு கையாலும் எடுத்துக் கொடுத்தேன். அவர் வாங்கத் தயங்கினார். நான் அவர் மடியில் வைத்துவிட்டு வந்துவிட்டேன்.

மே 21

கல்யாணம் நல்லபடியாக நடக்கும். ஒரு வாரம் சேர்ந்து ஊரில் இருந்தால் மனசு மாறாமலா போகும்? நடவு வாடினாலும் ஒரு தண்ணீர் விட்டால் நிமிர்ந்துகொள்ளும். சிந்துஜாவிடம் சமயம் பார்த்துச் சொல்ல வேண்டும்.

மரகதத்திடம், "மாப்ள வர்றாரு. பேசிட்டேன்," என்றேன். அவள் உடனே பெண் வீட்டாருக்குப் போன் போடப் போய்விட்டாள்.

மே 24

இன்னும் சமயம் வாய்க்கவில்லை. அவள் டிவி பார்த்தாள். அப்புறம் துணி மடித்தாள்.

மே 30

மழை விட்டு மூன்று நாளாக நல்ல வெயில். பின்பக்கம் போனேன்.

பியோனி இடுப்பளவு வளர்ந்திருக்கிறது. இலை கரும்பச்சை, கையகலம். முதலில் எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது. கிட்டே போனதும் ஒரு தண்டு தானாகச் சாய்ந்தது. தொட்டேன், அடியில் கொழகொழவென்று வந்துவிட்டது. அடுத்ததும் அப்படியே. சுண்டைக்காய் அளவு மொட்டுகள் இருந்தன, எல்லாம் பழுப்பாகிக் காய்ந்து நின்றன. ஒன்றைக் கிள்ளிப் பிரித்தேன். உள்ளே கறுப்பு.

இது என்ன நோய் என்று யாரும் எனக்குச் சொல்ல வேண்டியதில்லை. ஈர எருவைத் தண்டோடு சேர்த்து வைத்து, மேலே மண் மூடி, தழைச்சத்தைக் கொட்டினால் அழுகல் வராமல் என்ன வரும்? என் கடைக்கு எவனாவது இந்தத் தண்டைக் கொண்டுவந்திருந்தால், "ஏன்டா, உரம் வைக்கச் சொன்னா உசுரோட பொதச்சிருக்கற?" என்று நாலு பேர் முன்னால் கேட்டிருப்பேன்.

அவள் ஆபீஸில் இருந்து வரும் முன்னே சாய்ந்த தண்டுகளைக் குச்சி வைத்துக் கட்டி நிறுத்தினேன்.

மே 31

குச்சி கட்டியதை அவள் பார்த்துவிட்டாள்.

நான்தான் பேச ஆரம்பித்தேன். மருந்து அடித்தால் தேறிவிடும், இங்கே என்ன மருந்து கிடைக்கும் என்று கேட்டேன். அவள் ஒன்றும் சொல்லாமல் காய்ந்த மொட்டுகளை ஒவ்வொன்றாகத் தொட்டுப் பார்த்தாள். அந்த மௌனத்தை என்னால் தாங்க முடியவில்லை. எனக்கு எப்போதும் அப்படித்தான், யாராவது பேசாமல் இருந்தால் வாயில் வருவதைக் கொட்டிவிடுவேன். மாப்பிள்ளையைப் பார்த்ததைச் சொன்னேன். கல்யாணத்துக்கு வந்து நிற்க ஒப்புக்கொண்டார், வேட்டி கொடுத்துவிட்டேன், அம்மாவிடமும் சொல்லியாயிற்று, நீ ஒன்றுக்கும் கவலைப்படாதே என்றேன்.

"இந்தச் செடிய எப்ப நட்டேன்னு தெரியுமாப்பா?"

"மூணு வருசம்னு சொன்ன."

"அவர் போன மாசம் நட்டேன். ஊடு காலியாக் கெடந்துது, கைக்கு ஒரு வேல வேணும்னு நட்டேன். கடைக்காரி மூணு வருசம் ஆகும்னா. சரி, மூணு வருசம் இருந்து பாக்கலாம்னு நெனச்சேன்."

நான் கணக்குப் போட்டேன். அந்தத் தீபாவளிகள் எல்லாம் கண் முன்னால் வந்தன. வீடியோவில் மாப்பிள்ளை புதுச் சட்டைக்கு மேல் குளிர்க் கோட்டைக் கழற்றாமலே நின்றார். வீட்டுக்குள் எதற்குக் கோட்டு என்று மரகதம்கூடக் கேட்டாள். போன வருசம் சிந்துஜா மட்டும் தனியாக ஊருக்கு வந்தாள். அவருக்கு லீவு இல்லை என்றாள். நாங்களும் லீவு இல்லை என்றே சொந்தக்காரர்கள் எல்லோரிடமும் சொன்னோம்.

"கோர்ட்டுலயும் முடிஞ்சிருச்சுப்பா. போன வருசமே."

"ஏஞ் சாமி எங்ககிட்டச் சொல்லல?"

"சொன்னா நீங்க என்ன பண்ணியிருப்பீங்க? மறுநாளே நாலு பெரியவங்களக் கூட்டிப் பேசித் தீத்து வெச்சிருப்பீங்க. நானும் சரின்னு சொல்லியிருப்பேன். ஒரே ஊட்டுக்குள்ள ரெண்டு பேரும் வாடகைக்குக் குடியிருக்கற மாதிரி இருந்தோம்ப்பா. சண்டையே இல்ல. பேச்சும் இல்ல. அதுக்குத் திரும்பிப் போக என்னால ஆகாது. ஒரு வாரத்துக்கு நடிக்கவும் ஆகாது."

"சனம் கேக்குமே கண்ணு."

"இந்தச் செடிக்கே ஒண்ணும் பண்ணாதீங்கன்னுதான் சொன்னேன். நீங்க காதுலயே வாங்கல."

சத்தம் போடவில்லை. அழவும் இல்லை. உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். அவள் என்னிடம் மாட்டேன் என்று சொன்னது இதுதான் முதல் தடவை. எனக்குக் கோபம் வந்தது என்று எழுதிவிடலாம். பயம்தான் வந்தது.

ஜூன் 1

அவள் பேசவில்லை. நானும் பேசவில்லை. ரசம் வைத்தேன். இருவரும் சாப்பிட்டோம்.

ஜூன் 3

காலையில் மண்ணை எடுக்க ஆரம்பித்தேன். மண்வெட்டி போட்டால் முளைக்கண் அடிபடும், அதனால் கைதான். எருவைத் துளித்துளியாக வழித்து வாளியில் போட்டேன். அழுகின தண்டுகளை அடியோடு அறுத்து, நோய் பரவாமல் இருக்கக் குப்பைப் பையில் கட்டினேன். கிழங்கின் தலை மறுபடியும் வெளியே தெரிகிறது. அதை அப்படியே விடுவதற்கு என் கை பழகவில்லை, இரண்டு தடவை மண்ணைத் தள்ளப் போய் நிறுத்திக்கொண்டேன்.

சிந்துஜா கதவருகே நின்று பார்த்தாள்.

"பொழைக்குமாப்பா?"

"கெழங்கு கெட்டியாத்தான் இருக்குது. இந்த வருசம் பூ இல்ல. அடுத்த வருசமும் சொல்ல முடியாது. என்ற தப்புத்தான் கண்ணு."

"ம்."

போய் ஒரு டம்ளர் மோர் கொண்டுவந்து வைத்துவிட்டுப் போனாள்.

நவநீதனுக்குப் போன் போட்டு, வர வேண்டாம் மாப்பிள்ளை என்றேன். மாப்பிள்ளை என்று வாய் தானாகச் சொல்லிவிட்டது. அவர் மூச்சு விட்ட சத்தம் எனக்குக் கேட்டது. வேட்டியைத் திருப்பித் தரட்டுமா என்றார். நீங்களே வைத்துக்கொள்ளுங்கள் என்றேன்.

ஜூன் 7

நாலு நாள் யோசித்தேன். நான் யோசிப்பது என்றால் நடப்பதுதான். தெருவை இத்தனை தடவை சுற்றியதில் ஷெரில் அம்மாளின் நாய்கூட என்னைப் பார்த்துக் குரைப்பதை விட்டுவிட்டது.

இன்று மரகதத்திடம் எல்லாவற்றையும் சொன்னேன். கேட்டுக்கொண்டே இருந்தவள் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டாள்.

"மூணு வருசமா? ஏனுங்க, நாம பொண்ணு வீட்டுக்காரங்ககிட்ட மாப்ள வர்றாருன்னு சொல்லிட்டமே. சீருக்கு யாருங்க நிப்பா? உங்க சித்தப்பா மகளக் கூப்பிடலாமுங்களா?"

"யாரும் வேண்டாம். சிந்துஜாதான் நிப்பா. தனியாத்தான் வருவா. அருமைக்காரர் ஆகாதுன்னா சீரே வேண்டாம்னு சொல்லிரு. எவனாச்சும் வாயத் தொறந்தா என்கிட்ட வரச் சொல்லு."

நெஞ்சு நிமிர்ந்துதான் சொன்னேன். மரகதம் போனை வைத்துவிட்டாள். திரும்பினால் பின்னால் சிந்துஜா நிற்கிறாள். அவளுக்குச் சந்தோசமாக இருக்கும் என்று நினைத்தேன்.

"நான் நிப்பேன்னு உங்களுக்கு யாருப்பா சொன்னா?"

கையிலிருந்த போனை மேஜையில் வைத்தேன்.

"அத்தன சனத்துக்கு முன்னாடி ஏறி நிக்கப் போறது நானு. என்னையக் கேட்டீங்களா?"

கேட்கவில்லை. இப்போதும் கேட்கவில்லை. போன வாரம் அவளை ஒரு புருசனோடு நிறுத்தினேன், இந்த வாரம் தனியாக நிறுத்துகிறேன். இரண்டு தடவையும் நிறுத்தியது நான்தான். முப்பத்து மூன்று வயதுப் பெண் அவள், அவளிடம் ஒரு கேள்வி கேட்க எனக்கு வரவில்லை.

நாற்காலியில் உட்கார்ந்துகொண்டு, "நிக்கறயா கண்ணு? இஷ்டமில்லீன்னா வேண்டாம். வராட்டியும் பரவால்ல," என்றேன்.

"யோசிச்சுச் சொல்றேன்."

"எப்ப சொல்லுவ?" என்று கேட்க வந்ததைக் காபியோடு சேர்த்து விழுங்கினேன்.

ஜூன் 9

யோசிக்கிறாள்.

மரகதமும் கூப்பிடவில்லை. நான் போட்டாலும் எடுக்கவில்லை. பூபதிதான், "அம்மா சரியாச் சாப்புடறதில்லப்பா," என்றான். கடலுக்கு அந்தப் பக்கம் ஒருத்தி, இந்தப் பக்கம் ஒருத்தி, இரண்டு பேரும் என்னிடம் பேசுவதில்லை. கையில் ஒரு வேலையும் இல்லை. புல் வெட்டலாம் என்றால் அதற்கு ஒரு மிஷின், அந்த மிஷினுக்கு ஒரு சாவி, சாவி அவளிடம்.

ஜூன் 11

காலையில் அவள் பூபதியிடம் ரொம்ப நேரம் பேசிக்கொண்டிருந்தாள். கதவு சாத்தியிருந்தது. நான் கதவுப் பக்கம் போகவில்லை. கஷ்டமாகத்தான் இருந்தது.

வெளியே வந்து சொன்னாள்.

"நிக்கறேன்ப்பா. நீதான் வேணும்க்கான்னு தம்பி சொல்றான். பொண்ணு வீட்டுக்கு உள்ளத அவனே சொல்லிட்டானாம், அவங்க ஒண்ணும் சொல்லலியாம். ஆனா அங்க யாராச்சும் நவநீதன் எங்கன்னு கேட்டா நான் பதில் சொல்லிக்கறேன். நீங்க இடையில வரக்கூடாது. அம்மாவும் வரக்கூடாது."

"அருமைக்காரரு?"

"அவர்கிட்டயும் நானே பேசிக்கறேன். ஆகாதுன்னா கீழ எறங்கி, தம்பி கல்யாணத்தப் பாத்துட்டு வருவேன்."

அவள் அந்தச் சனத்துக்கு நடுவில் நின்று தன் வாயால் சொல்வதை நினைத்துப் பார்த்தேன். தடுக்கலாமா என்று ஒரு நிமிடம் தோன்றியது. தோன்றினால் தோன்றட்டும், நான் வாயைத் திறக்கவில்லை.

ஜூன் 12

மதியம் சிந்துஜாவின் போனுக்கே மரகதம் வீடியோவில் வந்தாள். ஐந்து நாள் கழித்து வருகிறாள். சிந்துஜா போனை மேஜையில் சாய்த்து வைத்துவிட்டு நேராக உட்கார்ந்தாள். பரீட்சை எழுதப் போகிறவள் போல் இருந்தாள். பக்கத்து நாற்காலியில் நான். மரகதம் என்ன கேட்பாள் என்று எனக்குத் தெரியும் என்று நினைத்தேன். ஏன் மறைத்தாய், குடும்ப மானம், சித்தி என்ன சொல்வாள், அத்தை என்ன சொல்வாள், எல்லாவற்றுக்கும் மனசுக்குள் பதில் தயார் செய்து வைத்திருந்தேன். சொல்லக் கூடாது என்பதையும் ஞாபகம் வைத்திருந்தேன்.

மரகதத்தின் கண் வீங்கியிருந்தது. போனை முகத்துக்குக் கிட்டே பிடித்துக்கொண்டு மகளைப் பார்த்தாள்.

"போன மார்கழில உனக்குக் காச்சலு வந்துதே, ஒரு வாரம். அவரு பாத்துக்கறாரும்மான்னு சொன்னயே."

"ஆமாம்மா."

"அப்ப உனக்குக் கஞ்சி யாரு கண்ணு வெச்சுக் குடுத்தா?"

இத்தனை நாள் என் முன்னால் ஒரு சொட்டுக் கண்ணீர் விடாத சிந்துஜா மேஜையில் கையை ஊன்றிக்கொண்டு குலுங்கிக் குலுங்கி அழுதாள். அந்தப் பக்கம் மரகதமும் அழுதாள். சீர் என்ற பேச்சையே இரண்டு பேரும் எடுக்கவில்லை.

"நானே வெச்சுக்கிட்டேன்மா," என்றாள் கடைசியில்.

தண்ணீர் கொண்டுவரலாம், துண்டு எடுத்துத் தரலாம், ஏதாவது சொல்லலாம் என்று என் கால் பரபரத்தது. ஒன்றும் செய்யாமல் அவள் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தேன்.